எம்டன்: சென்னை மீது குண்டு வீசிய ஜெர்மன் கேப்டன் யார்? கார்ல் ஃபான் முல்லரின் கதை

"அந்த ஆளு சரியான எம்டன்ங்க!"

கண்டிப்பான அப்பா, யாரிடமும் பிடிபடாத கில்லாடி, சொல்லாமல் கொள்ளாமல் திடீரென வந்து நிற்கும் மேலதிகாரி என எல்லோருக்கும் தமிழில் பொருந்துகிற ஒரே பட்டம் எம்டன். 2006இல் நாசர், பரத் நடித்து வெளியான படத்துக்கு முதலில் வைத்த பெயர் 'எம்டன் மகன்'. தமிழ்ப் பெயர் இருந்தால்தான் கேளிக்கை வரி விலக்கு கிடைக்கும் என்பதால் அது 'எம் மகன்' ஆனது.

ஆமாம், எம்டன் தமிழ்ச் சொல் இல்லை. வடமேற்கு ஜெர்மனியில் கடலோரம் இருக்கும் ஒரு ஊரின் பெயர் அது. அந்த ஊரின் பெயரைத் தாங்கிய போர்க்கப்பல்தான் 1914 செப்டம்பர் 22ஆம் தேதி இரவு சென்னை மீது குண்டு வீசியது.

கப்பலின் பெயர் நம் வீட்டுப் பேச்சில் நூறு வருஷம் தாண்டியும் நிற்கிறது. அதை ஓட்டி வந்தவரின் பெயர் பலருக்குத் தெரியாது. அவர் கேப்டன் கார்ல் ஃபான் முல்லர். நாம் 'எம்டன்' என்று சொல்லும்போது மனதில் வரும் ஆளுக்கும் அவருக்கும் சம்பந்தமே இல்லை என்பதுதான் இதில் வேடிக்கை. அதிகம் பேசாதவர், கூச்ச சுபாவி, மலேரியாவால் அடிக்கடி படுத்துவிடுகிறவர்.

யார் இந்த முல்லர்?

1873இல் ஜெர்மனியின் ஹனோவர் நகரில் பிறந்தார். அப்பா பிரஷ்ய ராணுவத்தில் கர்னல். மகனை ராணுவப் பள்ளியில் சேர்த்தார்கள். அவரோ 1891இல் கடற்படைக்குப் போய்விட்டார்.

ஆரம்ப வருஷங்களில் பெரிதாகச் சொல்ல எதுவும் இல்லை. சிக்னல் அதிகாரியாக வேலை பார்த்தார். ஜெர்மனியின் கிழக்கு ஆப்பிரிக்கக் காலனிக்கு ஒரு சிறிய பீரங்கிப் படகில் அனுப்பப்பட்டபோது அங்கே மலேரியா பிடித்தது. அந்தக் காய்ச்சல் கடைசி வரை அவரை விடவில்லை. பிறகு பெர்லினில் கடற்படைத் தலைமை அலுவலகத்தில் மேசை வேலை. ஜெர்மன் கடற்படையைக் கட்டி எழுப்பிய அட்மிரல் திர்பிட்ஸின் பார்வை அங்கேதான் இவர் மேல் விழுந்தது. 1913இல் எம்டன் கப்பல் இவர் கைக்கு வந்தது. அப்போது வயது 40ஐ நெருங்கிக்கொண்டிருந்தது.

எம்டன் ஒரு இலகுரகக் குரூசர். 10.5 சென்டிமீட்டர் பீரங்கிகள் பத்து, மாலுமிகள் சுமார் 360 பேர், மூன்று புகைபோக்கிகள். பெரிய போர்க்கப்பல்களோடு மோதுவதற்காகக் கட்டப்பட்டதல்ல. ஆனால் வேகமானது, பார்க்க அழகானது. 'கிழக்கின் அன்னம்' என்று அதற்குச் செல்லப் பெயர் உண்டு. சீனக் கடற்கரையில் அப்போது ஜெர்மனி வசமிருந்த சிங்தாவ் துறைமுகம்தான் அதன் வீடு.

தனியாகக் கிளம்பியது ஏன்?

1914 ஜூலை இறுதியில் ஐரோப்பாவில் போர் மூளப்போவது உறுதியானது. துறைமுகத்துக்குள் சிக்கிக்கொள்ளக் கூடாது என்று ஜூலை 31ஆம் தேதியே எம்டனை வெளியே கொண்டுவந்துவிட்டார் முல்லர். சில நாட்களில் ஒரு ரஷ்யக் கப்பலையும் பிடித்தார்.

ஆகஸ்ட் நடுவில் பசிபிக் கடலில் பாகன் என்ற தீவில் ஜெர்மனியின் கிழக்காசியக் கப்பல் படை கூடியது. தலைவர் அட்மிரல் ஸ்பே. ஜப்பானும் எதிர்ப்பக்கம் சேரப்போகிறது, திரும்பிப் போகச் சொந்தத் துறைமுகம் இருக்காது. எல்லாக் கப்பல்களும் தென் அமெரிக்கா பக்கம் போய்விடலாம் என்பது ஸ்பேயின் திட்டம்.

முல்லர் ஒரு மாற்று யோசனை சொன்னார். ஒரு கப்பலை மட்டும் இந்தியப் பெருங்கடலுக்குள் அனுப்பலாம் என்றார். பிரிட்டனின் வணிகம், படை, தபால், தேயிலை, நிலக்கரி எல்லாம் போய் வரும் பாதை அது. ஒரே ஒரு கப்பல் அங்கே நுழைந்தாலும் மொத்தப் போக்குவரத்தும் ஆடிப்போகும் என்பது அவர் கணக்கு. ஸ்பே சம்மதித்தார். மார்க்கோமானியா என்ற நிலக்கரிக் கப்பலைத் துணைக்குக் கொடுத்தார். அவ்வளவுதான்.

இந்த நிலக்கரி விஷயத்தைக் கொஞ்சம் புரிந்துகொள்ள வேண்டும். அந்தக் காலப் போர்க்கப்பல் நிலக்கரியில் ஓடியது. சில நாட்களுக்கு ஒருமுறை நிரப்பியே ஆக வேண்டும். துறைமுகம் கிடையாது என்றால் நடுக்கடலிலோ ஆளில்லாத் தீவின் ஓரத்திலோ இரண்டு கப்பல்களையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தி, வெப்ப மண்டல வெயிலில் மாலுமிகளே மூட்டை மூட்டையாகச் சுமந்து கொட்ட வேண்டும். அந்த நேரத்தில் எதிரி வந்தால் கதை முடிந்தது. முல்லரின் ஒவ்வொரு முடிவுக்குப் பின்னாலும் 'அடுத்த நிலக்கரி எங்கே?' என்ற கேள்வி இருந்தது. சண்டையைவிட அதுதான் அவருக்குப் பெரிய தலைவலி.

போகும் வழியில் ஒரு சின்ன வித்தை. பிரிட்டிஷ் குரூசர்கள் பலவற்றுக்கு நான்கு புகைபோக்கி, எம்டனுக்கு மூன்று. கித்தான் துணியால் நான்காவதாக ஒரு போலிப் புகைபோக்கி செய்து மாட்டிவிட்டார்கள். தூரத்தில் இருந்து பார்த்தால் பிரிட்டிஷ் கப்பல் மாதிரியே இருக்கும்.

வங்கக் கடலில் நடந்த வேட்டை

செப்டம்பர் 10ஆம் தேதி வங்கக் கடலில் முதல் கப்பல் சிக்கியது. பெயர் பொன்டோபோரஸ். கிரேக்கக் கப்பல்தான், ஆனால் உள்ளே பிரிட்டனுக்கான நிலக்கரி. முல்லருக்கு வேறென்ன வேண்டும்? அன்றே 'இண்டஸ்' சிக்கியது. அதில் சோப்பு நிறைய இருந்தது. எம்டனில் சோப்பு தீர்ந்து போயிருந்த நேரம் அது. அடுத்தடுத்த நாட்களில் லோவட், கில்லின், லண்டனுக்குத் தேயிலை ஏற்றிக்கொண்டு போன டிப்ளமேட் என வரிசையாக மூழ்கின.

இங்கேதான் முல்லர் மற்றவர்களிடமிருந்து வேறுபடுகிறார். கப்பலை மூழ்கடிக்கும் முன் அதிலிருந்த எல்லோரையும் இறக்கி, வேறொரு கப்பலில் ஏற்றிப் பாதுகாப்பாக அனுப்பிவிடுவார். 'கபிங்கா' என்ற கப்பலில் இருந்த சரக்கு அமெரிக்காவுக்குச் சொந்தமானது, அமெரிக்கா அப்போது போரில் இல்லை. கேப்டனின் மனைவியும் குழந்தையும் வேறு கப்பலில் இருந்தார்கள். அதை மூழ்கடிக்காமல், கைதிகள் எல்லோரையும் அதிலேயே ஏற்றி விடுவித்தார். தங்கள் கப்பல்களை இழந்த அந்த மாலுமிகள் கிளம்பும்போது எம்டனைப் பார்த்து ஆரவாரம் செய்து வாழ்த்தினார்கள்.

இரண்டு மாதங்களில் இரண்டு டஜன் அளவுக்கு வணிகக் கப்பல்களைப் பிடித்தார். வங்கக் கடலில் கப்பல் போக்குவரத்து நாள்கணக்கில் நின்றது, காப்பீட்டுக் கட்டணம் எகிறியது. ஒரு இத்தாலியக் கப்பலை, நடுநிலை நாட்டுக் கப்பல் என்று விட்டுவிட்டார். அது நேராகப் போய் பிரிட்டிஷாரிடம் தகவல் சொல்லிவிட்டது. விதிப்படி நடந்ததற்கான விலை.

சென்னையில் அன்று இரவு என்ன நடந்தது?

செப்டம்பர் 22. இரவு மணி ஒன்பதரை இருக்கும். போர் தொடங்கி ஏழு வாரம் ஆகியும் சென்னையில் விளக்குகள் அணைக்கப்படவில்லை. அப்போது கலங்கரை விளக்கம் உயர் நீதிமன்றக் கட்டடத்தின் உச்சியில்தான் இருந்தது. அதுவும் வழக்கம்போல எரிந்துகொண்டிருந்தது. எம்டனுக்கு வழிகாட்ட வேறெதுவும் தேவைப்படவில்லை.

கரையிலிருந்து மூன்று கிலோமீட்டருக்கும் குறைவான தூரத்தில் கப்பல் நின்றது. தேடுவிளக்கைப் போட்டதும் பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய் டேங்குகள் வெள்ளையாகத் தெரிந்தன. பீரங்கிகள் முழங்கின. அரை மணி நேரத்தில் சுமார் 130 குண்டுகள். டேங்குகள் பற்றி எரிந்த வெளிச்சம் வெகுதூரம் கடலிலும் தெரிந்தது. கரையிலிருந்த பீரங்கிகள் பதிலுக்குச் சுட்டன. எதுவும் எம்டன் மேல் படவில்லை. கப்பல் இருட்டுக்குள் போய்விட்டது.

எல்லாக் குண்டுகளும் டேங்குகள் மீது விழவில்லை. துறைமுகத்தில் நின்ற 'சுப்ரா' என்ற வணிகக் கப்பல் மீதும் விழுந்தன. குறைந்தது ஐந்து பேர் இறந்தார்கள். ஊருக்குள்ளும் குண்டுகள் வந்தன. உயர் நீதிமன்றத்தின் கிழக்குப் பக்கச் சுற்றுச்சுவரில் ஒரு குண்டு விழுந்த இடத்தைக் குறிக்கும் கல்வெட்டு இன்றும் இருக்கிறது. பாரிமுனை பக்கம் போகிறவர்கள் பார்க்கலாம்.

மறுநாள் முதல் ஊர் காலியாகத் தொடங்கியது. கப்பல் மறுபடி வரும் என்ற பயத்தில் ரயிலிலும் வண்டியிலும் ஏறி ஆயிரக்கணக்கானோர் உள்நாட்டுக்கு ஓடினார்கள். எம்டன் திரும்பி வரவே இல்லை. ஆனால் அந்தப் பெயர் தமிழ்ப் பேச்சுக்குள் நுழைந்துவிட்டது.

அப்படியானால் எதற்காக இந்தத் தாக்குதல்? சில டேங்கு எண்ணெயை எரிப்பதால் போரின் போக்கு மாறிவிடாது, அது முல்லருக்கும் தெரியும். இந்திய மக்களின் கவனத்தைத் திருப்ப வேண்டும், வணிகத்தைக் குலைக்க வேண்டும், ஆங்கிலேயர்களின் மதிப்பை இறக்க வேண்டும். இதுதான் நோக்கம் என்று பிறகு அவரே அறிக்கையில் எழுதினார். அதாவது, அது ஒரு விளம்பரத் தாக்குதல். வணிகக் கப்பல்களில் ஒருவர்கூடச் சாகக் கூடாது என்று பார்த்துப் பார்த்து நடந்தவர், இரவு நேரத்தில் மக்கள் வாழும் நகரத்தின் விளிம்பில் 130 குண்டுகளை வீசினார். 'கனவான்' என்று முல்லரைப் புகழும் ஐரோப்பியக் கட்டுரைகள் இந்த இடத்தைச் சட்டென்று கடந்துவிடுகின்றன.

செண்பகராமன் பிள்ளை எம்டனில் வந்தாரா?

தமிழ்நாட்டில் ரொம்ப நாளாகச் சொல்லப்படும் கதை இது. திருவனந்தபுரத்தில் தமிழ்க் குடும்பத்தில் பிறந்த விடுதலைப் போராட்ட வீரர் செண்பகராமன் பிள்ளைதான் எம்டனில் வந்து சென்னையைக் காட்டிக்கொடுத்தார் என்பார்கள். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் அதற்கு ஆதாரம் இல்லை. 1914 செப்டம்பரில் அவர் ஐரோப்பாவில் இருந்தார், இந்திய விடுதலைக்கான அமைப்பு வேலைகளில். எம்டனோ சீனக் கடற்கரையிலிருந்து வந்த கப்பல்.

வதந்தி இலங்கையையும் விடவில்லை. யால சரணாலயத்தின் காப்பாளராக இருந்த எங்கல்பிரெக்ட் என்பவர் எம்டனுக்கு இறைச்சி கொடுத்தார் என்ற சந்தேகத்தில் சிறையில் அடைக்கப்பட்டார். குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவே இல்லை.

போர் தெரியாத தீவும், பினாங்கு துறைமுகமும்

சென்னைக்குப் பிறகு இலங்கையைச் சுற்றிக்கொண்டு மினிக்காய் தீவுப் பக்கம் போனார் முல்லர். அங்கேயும் வேட்டை தொடர்ந்தது. பிடிபட்டவற்றில் ஒன்று நல்ல வேல்ஸ் நிலக்கரி நிறைந்த 'பியூரெஸ்க்'. அதைத் துணைக் கப்பலாக வைத்துக்கொண்டார்.

அக்டோபரில் டீகோ கார்சியா தீவுக்குப் போனபோது நடந்தது சிரிப்பை வரவழைக்கும். அங்கே இருந்தவர்களுக்குப் போர் தொடங்கியதே தெரியாது! முல்லரும் சொல்லவில்லை. உடைந்து கிடந்த அவர்களின் மோட்டார் படகை எம்டன் மெக்கானிக்குகள் பழுது பார்த்துக் கொடுத்தார்கள்.

அக்டோபர் 28 அதிகாலை பினாங்கு. போலிப் புகைபோக்கியோடு துறைமுகத்துக்குள்ளேயே நுழைந்தது எம்டன். சுடுவதற்கு முன் ஜெர்மன் கொடி ஏறியது. ரஷ்யக் குரூசர் 'ழெம்சுக்' டார்பிடோவால் பிளந்து மூழ்கியது. அதன் கேப்டன் அன்றிரவு கரையில் தங்கியிருந்தார், மாலுமிகளில் 80க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். வெளியே வரும் வழியில் 'மூஸ்கே' என்ற பிரெஞ்சுப் போர்க்கப்பலும் மூழ்கியது. தண்ணீரில் தத்தளித்த பிரெஞ்சு மாலுமிகளைக் காப்பாற்றக் கப்பலை நிறுத்தினார் முல்லர். எந்த நிமிடமும் வேறு எதிரிக் கப்பல் துரத்தி வரலாம் என்ற நிலையில், சாதாரணமாக யாரும் எடுக்காத முடிவு அது.

கோகோஸ் தீவில் முடிந்த கதை

நவம்பர் 9. ஆஸ்திரேலியாவுக்கும் மற்ற நாடுகளுக்கும் இடையே ஓடும் கடலடித் தந்திக் கேபிள்கள் சந்திக்கும் இடம் கோகோஸ் தீவுகள். அங்குள்ள வயர்லெஸ் நிலையத்தை உடைக்க, ஹெல்முட் ஃபான் மியூக்கே தலைமையில் சுமார் 50 பேரைக் கரைக்கு அனுப்பினார் முல்லர்.

நிலைய ஊழியர்கள் எதிர்க்கவில்லை. முல்லருக்கும் அவருடைய ஆட்களுக்கும் இரும்புச் சிலுவைப் பதக்கம் அறிவிக்கப்பட்ட செய்தியைச் சொல்லி வாழ்த்தவே செய்தார்கள். வயர்லெஸ் கம்பத்தைச் சாய்க்கும்போது டென்னிஸ் மைதானத்தின் மேல் விழாமல் பார்த்துக்கொள்ளச் சொன்னார்கள், ஜெர்மானியர்களும் அப்படியே செய்தார்கள். ஆனால் அதற்கு முன்பே, வாசலில் விசித்திரமான கப்பல் நிற்கிறது என்ற செய்தியை அந்த ஊழியர்கள் அனுப்பி முடித்திருந்தார்கள்.

முல்லருக்குத் தெரியாதது ஒன்று. ஆஸ்திரேலிய, நியூசிலாந்து வீரர்களை ஏற்றிய 30க்கும் மேற்பட்ட கப்பல்களின் அணி அதே நேரம் சுமார் 50 கடல் மைல் தூரத்தில் போய்க்கொண்டிருந்தது. அதன் காவலுக்கு வந்த 'சிட்னி' என்ற ஆஸ்திரேலியக் குரூசர் எம்டனை நோக்கித் திரும்பியது. தொலைவில் புகை தெரிந்தபோது அது தங்களுடைய பியூரெஸ்க் என்றே எம்டனில் நினைத்தார்கள். உண்மை புரிந்தபோது கரைக்குப் போனவர்களை ஏற்றிக்கொள்ள நேரம் இல்லை.

எம்டன்தான் முதலில் சுட்டது. குறியும் தப்பவில்லை. ஆனால் சிட்னியின் பீரங்கிகள் பெரியவை, வேகமும் அதிகம். எட்டாத தூரத்தில் நின்று அடித்தது. இரண்டு மணி நேரத்துக்குள் எம்டனின் புகைபோக்கிகள் சாய்ந்தன, பீரங்கிகள் ஊமையாகின. இனி கப்பல் மூழ்கினால் எல்லோரும் போய்விடுவார்கள் என்று, வடக்கு கீலிங் தீவின் பவளப் பாறை மேலேயே எம்டனை ஏற்றிவிட்டார் முல்லர்.

மாலையில் சிட்னி திரும்பி வந்தபோது எம்டனில் ஜெர்மன் கொடி இன்னும் பறந்துகொண்டிருந்தது. சரணடையச் சொல்லி சிக்னல் கொடுத்தார்கள். எம்டனில் சிக்னல் புத்தகங்கள் இல்லை, அதைத்தான் பதிலாகச் சொன்னார்கள். சிட்னியின் கேப்டன் ஜான் க்ளாசப் மறுபடி சுட உத்தரவிட்டார். அதன் பிறகே கொடி இறங்கியது. நகர முடியாத கப்பல் மீது அந்தக் கடைசிச் சில நிமிடங்கள் சுட்டது தேவையா, கொடியை முல்லர் முன்பே இறக்கியிருக்கக் கூடாதா என்ற இரண்டு கேள்விகளும் இன்றுவரை கேட்கப்படுகின்றன.

எம்டனில் 134 பேர் இறந்தார்கள். சிட்னியில் நான்கு பேர். முல்லருக்குப் பெரிய காயம் இல்லை.

பிழைத்தவர்களை ஏற்றிக்கொண்டு சிட்னி கொழும்பை நெருங்கியபோது, படுகாயமடைந்த ஜெர்மானியர்கள் கப்பலில் இருப்பதால் யாரும் வெற்றி ஆரவாரம் செய்ய வேண்டாம் என்று க்ளாசப் கேட்டுக்கொண்டார். துறைமுகத்தில் நின்ற படைக் கப்பல்களின் தளங்களில் வீரர்கள் அமைதியாக நின்றார்கள். முல்லரும் அதிகாரிகளும் தங்கள் வாளை வைத்துக்கொள்ள பிரிட்டன் அனுமதித்தது. தோற்ற எதிரிக்குக் கடற்படை தரும் பெரிய மரியாதை அது.

கரையில் விட்டுப்போன மியூக்கேயும் ஆட்களும் என்ன ஆனார்கள்? ஆயிஷா என்ற பழைய பாய்மரக் கப்பலைப் பிடித்து சுமத்ராவுக்குப் போய், அங்கிருந்து அரேபியப் பாலைவனம் வழியாக 1915இல் துருக்கி போய்ச் சேர்ந்தார்கள். அது தனிக் கதை.

சிறை, சுரங்கம், பதக்கம்

முல்லரை மால்டாவில் சிறை வைத்தார்கள். 1916இல் இங்கிலாந்துக்கு மாற்றினார்கள். நாட்டிங்ஹாம் அருகே ஒரு முகாம். 1917 செப்டம்பரில் சுரங்கம் தோண்டி 20க்கும் மேற்பட்ட அதிகாரிகள் அங்கிருந்து தப்பினார்கள். தலைமை தாங்கியவர் முல்லர். ஆனால் பிடிபட்டுவிட்டார்.

இங்கிலாந்தின் குளிரும் ஈரமும் பழைய மலேரியாவும் சேர்ந்து அவரைப் படுக்கவைத்தன. 1918 தொடக்கத்தில் சிகிச்சைக்காக நெதர்லாந்து அனுப்பினார்கள். பிரஷ்யாவின் மிக உயர்ந்த ராணுவ விருதான 'பூர் லெ மெரித்' அந்த மார்ச் மாதத்தில்தான் அவருக்குக் கிடைத்தது. கப்பல் போய் மூன்று வருஷம் தாண்டிவிட்டது. அக்டோபரில் நாடு திரும்பினார். அடுத்த மாதம் ஜெர்மனி தோற்றது. 1919இல் உடல்நலம் காரணமாக ஓய்வு பெற்றார்.

அதற்குள் எம்டன் கதை ஜெர்மனியில் பணம் கொழிக்கும் சரக்காகியிருந்தது. மியூக்கே எழுதிய புத்தகங்கள் விற்றுத் தீர்ந்தன. கேப்டனே எழுதினால்? முல்லர் கடைசி வரை எழுதவில்லை. கூட இருந்தவர்களின் ரத்தத்தை விற்றுக் காசு பார்ப்பது போன்ற உணர்வு தன்னை விடவில்லை என்பதுதான் அவர் சொன்ன காரணம்.

பிளாங்கன்பர்க் என்ற சிறிய ஊரில் குடியேறினார். 1920இல் திருமணம், இரண்டு மகள்கள். பிரவுன்ஷ்வைக் மாநிலச் சட்டமன்றத்துக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1923 மார்ச் 11ஆம் தேதி இறந்தபோது அவருக்கு வயது 49. இளம் வயதில் ஆப்பிரிக்காவில் பிடித்த காய்ச்சல் உடலை அரித்திருந்தது.

பாறை மேல் கிடந்த எம்டனின் இரும்பை 1950களில் ஒரு ஜப்பானிய நிறுவனம் உடைத்து எடுத்துக்கொண்டு போனது. அதன் பீரங்கிகளில் ஒன்று ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரில், ஹைட் பார்க் ஓரத்தில், போகிற வருகிறவர்கள் பார்க்கும்படி நிற்கிறது.